ஆரவ் என்றால் அமைதியா? குழந்தைப் பெயர்களின் பொருளைச் சரிபார்ப்பது பற்றி

தை மாதம் தங்கச்சிக்கு ஆண் குழந்தை பிறந்தது. நுவரெலியாப் பக்கம் விடிகாலையில் புல்லெல்லாம் உறைபனி பிடித்து வெள்ளையாகக் கிடக்கிற நாட்கள் அவை. கார்த்திகை நட்சத்திரம். கோயில் அய்யர் ஒரு துண்டுக் கடதாசியில் அ, இ, உ, எ என்று நான்கு எழுத்தை எழுதிக் கொடுத்தார், அன்று இரவே குடும்ப வாட்ஸ்அப் குழுவில் பெயர்கள் கொட்ட ஆரம்பித்துவிட்டன. கொழும்பில் கடையில் வேலை செய்கிற சித்தப்பா மகன், கட்டாரில் இருக்கிற மச்சான், 1964 இலங்கை இந்திய ஒப்பந்தத்தில் இந்தியாவுக்குப் போய்த் திருச்சியில் குடியேறிய பெரியம்மா குடும்பம், எல்லோரும் தேடி எடுத்த பட்டியல்களை அனுப்பினார்கள். ஒவ்வொரு பெயருக்கும் பக்கத்தில் ஒரு பொருள், ஒரு மூலம். கடைசியில் எல்லோருக்கும் பிடித்துப்போன பெயர் ஆரவ். பக்கத்தில் 'அமைதியானவன், மூலம்: இந்து' என்று போட்டிருந்தது.

எனக்கும் அந்தப் பெயர் பிடித்திருந்தது. ஆனால் அதைச் சொல்லிப் பார்த்தபோதெல்லாம் ஆரவாரம் என்ற சொல் கூடவே வந்து நின்றது. ஆரவாரம் என்றால் பெரிய சத்தம். ஆரவ் மட்டும் எப்படி அமைதி ஆகும்? அந்த ஒரு சந்தேகத்தைப் பிடித்துக்கொண்டு இரண்டு வாரம் அகராதிகளுக்குள் கிடந்தேன். அங்கே கண்டதை எழுதி வைத்தால் பேர் தேடிக்கொண்டிருக்கிற வேறு யாருக்காவது உதவும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

முதலில் ஆரவ் விஷயத்தை முடித்துவிடுகிறேன். சமஸ்கிருதத்தில் 'ரவ' என்றால் ஒலி. அதற்கு முன்னால் நெடில் 'ஆ' சேர்ந்து 'ஆரவ' என்று வந்தால் சத்தம், கூச்சல், இரைச்சல். தமிழிலும் அது ஆரவம் என்ற வடிவில் ஒலி என்ற பொருளோடு அகராதியில் இருக்கிறது. குறில் 'அ' சேர்ந்தால் கதையே வேறு. சமஸ்கிருதத்தில் சொல்லுக்கு முன்னால் வரும் 'அ' இல்லை என்று சொல்லும் முன்னொட்டு, நீதி அநீதி என்கிறோமே அதுபோல. அப்படிப் பார்த்தால் 'அரவ' என்பது ஒலி இல்லாதது, அதாவது அமைதி. ஆங்கில எழுத்தில் எழுதும்போது குறிலும் நெடிலும் கலந்துபோக, குறிலின் பொருளை நெடிலின் தலையில் வைத்துவிட்டார்கள் என்பதுதான் எனக்குத் தெரிகிற விளக்கம். சரி, அப்படியானால் அரவ் என்று குறிலில் வைத்துவிடலாமே என்று மச்சான் கேட்டார். தமிழில் அரவம் என்றால் ஒலி, இன்னொரு பொருள் பாம்பு. அம்மா அதைக் கேட்டவுடனே வேண்டாம் என்றுவிட்டார். ஒரே ஒரு மாத்திரையில் சத்தம், அமைதி, பாம்பு என்று மூன்று இடத்துக்குப் போய்விடுகிறது பெயர். பட்டியலில் இதில் ஒரு சொல்கூட இல்லை.

பட்டியல்கள் ஏன் இப்படி இருக்கின்றன என்று பார்த்தால் காரணம் சிக்கலானது இல்லை. ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதப்பட்டவை அவை. முதலில் எழுதியவர் எந்த அகராதியைப் பார்த்தார் என்று எங்கும் இருக்காது, அதனால் பத்து இடத்தில் ஒரே பொருள் இருந்தால் பத்துச் சாட்சி என்று எடுக்க முடியாது, ஒரே சாட்சியைப் பத்துத் தடவை கேட்கிறோம் அவ்வளவுதான். இப்போது செயற்கை நுண்ணறிவுச் செயலிகளிடமும் கேட்கிறார்கள், அவையும் இதே பட்டியல்களைப் படித்துத்தான் வளர்ந்திருக்கின்றன, தவறான பொருளையும் தயங்காமல் சொல்லிவிடும். நான் முதலில் பார்க்கச் சொல்வது 'மூலம்' என்ற இடத்தை. அதில் இந்து, முஸ்லிம், கிறிஸ்தவம் என்று இருந்தால் அந்தப் பட்டியலை அங்கேயே மூடிவிடலாம். இந்து என்பது மதம், மொழி இல்லை. சொல்லுக்குப் பொருள் மொழியிலிருந்துதான் வரும், எந்த மொழி என்றே சொல்லாதவர் பொருளை எங்கிருந்து எடுத்தார்? இன்னொரு அடையாளம், எல்லாப் பெயருக்கும் நல்ல பொருளாகவே இருப்பது. அழகானவள், அறிவானவன், தனித்துவமானவன் என்றே பக்கம் பக்கமாக ஓடினால், சொல்லின் பொருளைவிடப் பெற்றோரின் ஆசைதான் அங்கே எழுதப்பட்டிருக்கிறது.

இனி எழுத்து. தமிழில் 'த' ஒன்றுதான். சமஸ்கிருதத்தில் அந்த இடத்தில் நான்கு எழுத்து, நான்கும் வேறு வேறு ஒலி, பொருளும் மாறும். தாரா என்ற பெயரை எடுங்கள். மெல்லிய 'த'வில் வந்தால் நட்சத்திரம். மூச்சோடு அழுத்திச் சொல்லும் 'த'வில் வந்தால் தாரை, நீரின் ஒழுக்கு. யாழ்ப்பாணத் தமிழில் தாரா என்றால் வாத்து, சிங்களத்திலும் வாத்துக்குத் தாராவா என்றுதான் பெயர். தன்யா, தான்யா இரண்டும் இப்படித்தான் குழம்புகின்றன. தன்யா என்றால் பேறு பெற்றவள். நெடிலில் தான்ய என்றால் தானியம். ஆங்கிலத்தில் எழுதினால் இரண்டுக்கும் அதே எழுத்துகள்தான் வரும், அதனால் ஆங்கிலப் பட்டியலில் தேடி எடுத்த பெயரைத் தமிழில் எழுதும்போது எங்கே குறில், எங்கே நெடில் என்று ஊகிக்க வேண்டியிருக்கிறது.

இதற்கு இலங்கை மலையகத்தில் நமக்கு ஒரு வசதி இருக்கிறது, பலர் கவனிப்பதில்லை. சிங்கள எழுத்தில் சமஸ்கிருதத்தின் நான்கு 'த'வும், நான்கு 'க'வும், 'ஸ'வும் இரண்டு வகை 'ஷ'வும் அப்படியே தனித்தனியாக இருக்கின்றன. நம் வீடுகளில் சிங்கள மொழிமூலம் படித்த ஒருவராவது இருப்பார். அவரிடம் பெயரைச் சிங்களத்தில் எழுதச் சொல்லுங்கள், எந்த 'த' என்று அவர் உங்களைத் திருப்பிக் கேட்பார், அந்தக் கேள்விக்குப் பதில் தெரிந்தால் சொல்லின் வேர் பாதி கிடைத்துவிட்டது. என் தங்கச்சி வீட்டுக்காரர் சிங்களப் பாடசாலையில் படித்தவர். ஆரவ்வில் முதலெழுத்து நெடிலா என்று முதலில் கேட்டதே அவர்தான்.

நுவரெலியாவிலிருந்து பதுளை போகிற பாதையில் ஹக்கலைக்கு முன்னால் சீத்தா எலிய, சீதையம்மன் கோயில் இருக்கிறது. அந்த ஊரின் குளிரைப் பார்த்துவிட்டு, சீதளம் என்ற சொல்லையும் நினைத்து, சீதா என்றால் குளிர்ச்சியானவள் என்று எங்கள் பக்கம் சிலர் சொல்வார்கள். குளிரைக் குறிக்கும் சீத வேறு 'ச', சீதாவின் பெயரில் இருப்பது வேறு 'ஸ'. சீதா என்றால் ஏர் உழுத சால். ஜனகர் நிலத்தை உழுதபோது சாலில் கிடைத்த குழந்தை, அதனால் அந்தப் பெயர். தமிழில் ஒரே 'சீ'யில் எழுதுவதால் இரண்டும் ஒன்றாகத் தெரிகிறது.

அய்யர் கொடுத்த நான்கு எழுத்துக்கும் இதே சிக்கல் உண்டு. நட்சத்திரப் பாதத்துக்கு எழுத்து சொல்கிற அட்டவணை சமஸ்கிருத ஒலிகளை வைத்துப் போட்டது. விசாகத்துக்குத் தி, து, தே, தோ. ரேவதிக்கும் முதல் இரண்டு பாதம் தே, தோ. சமஸ்கிருதத்தில் இவை வெவ்வேறு 'த', தமிழில் வரும்போது ஒன்றாகிவிட்டன. திருவாதிரைக்குள்ள எழுத்துகளில் 'ங' ஒன்று, அதில் யார் பெயர் வைப்பது? ஆயிலியத்துக்கு டி, டு, டே, டோ. தமிழ்ச் சொல் எதுவும் 'ட'வில் தொடங்காது, ஆகவே ஆயிலியத்தில் பிறந்த பிள்ளைக்கு அட்டவணைப்படி தமிழ்ப் பெயர் வைக்கவே முடியாது. டி எழுத்தில் தொடங்குகிற பல புதிய பெயர்கள் இந்த நெருக்கடியில் உருவானவைதான் என்று நினைக்கிறேன். நட்சத்திர எழுத்து பார்ப்பதும் பார்க்காததும் அவரவர் நம்பிக்கை. பார்ப்பதாக இருந்தால் அய்யரிடம் எந்த 'த' என்று கேட்டுவிடுங்கள்.

மேலே சொன்ன 'ட' விஷயம் தொல்காப்பியம் சொல்கிற விதி. ட, ண, ர, ல, ழ, ள, ற, ன ஆகிய எழுத்துகள் தமிழ்ச் சொல்லுக்கு முதலில் வராது. அதனால்தான் பழைய எழுத்தில் இராமன், இலக்குமி, அரங்கன் என்று முன்னால் ஓர் உயிரெழுத்தைச் சேர்த்துக்கொண்டார்கள். ஒரு பெயர் ர, ல, ட எதிலாவது தொடங்கி, பட்டியலில் 'தூய தமிழ்' என்று போட்டிருந்தால் நம்ப வேண்டாம். ஜ, ஷ, ஸ, ஹ உள்ள பெயருக்கும் அப்படித்தான். ஆனால் இது ஒரு பக்கக் கத்தி. அந்த எழுத்துகள் இருந்தால் தமிழ் இல்லை என்று சொல்லலாம், இல்லாவிட்டால் தமிழ் என்று சொல்லிவிட முடியாது. ஆதவன் என்ற பெயரில் ஓர் அயல் எழுத்தும் இல்லை, ஆனாலும் சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் அகராதி அதை வெப்பம், வெயில் என்று பொருள்படும் ஆதப என்ற சமஸ்கிருதச் சொல்லோடு சேர்க்கிறது. இலக்கியா என்ற பெயரில் அறிஞர்களே இரண்டு பட்டிருக்கிறார்கள். அதே அகராதி இலக்கியம் என்ற சொல்லை லக்ஷ்ய என்ற வடசொல்லோடு இணைக்கிறது, தேவநேயப் பாவாணர் வழி வந்தவர்கள் அது இலக்கு என்ற தமிழ்ச் சொல்லிலிருந்து வந்தது என்பார்கள். இப்படி வழக்கு தீராத சொற்களும் உண்டு, அங்கே இரண்டு கட்சியையும் தெரிந்துகொண்டு பெயர் வைப்பதில் குறையொன்றும் இல்லை. கவின், நிலா, யாழினி, இனியன் போன்றவற்றில் இந்தச் சச்சரவு கிடையாது.

நான் அதிகம் நேரம் செலவழித்தது மீனாட்சியில். எங்கள் தேயிலைத் தோட்டத்தில் மீனாட்சிகள் நிறைய. மலையகத் தொழிற்சங்கத்தின் தொடக்க காலத்தில் கோ. நடேசய்யரோடு தோட்டம் தோட்டமாகப் போய்ப் பாட்டுப் பாடித் தொழிலாளரைத் திரட்டிய மீனாட்சி அம்மாளின் பெயரும் அதுதான். மீன் கொடி பாண்டியருடையது, ஆகவே மீன்+ஆட்சி, மீன்கொடியின் ஆட்சி என்று ஒரு விளக்கம் பரவலாக இருக்கிறது. கேட்க நன்றாகத்தான் இருக்கிறது, மதுரைக்கும் பொருந்துகிறது. இப்படிப்பட்ட விளக்கத்தைச் சோதிக்க நான் கண்ட எளிய வழி, அதே வால் உள்ள மற்றப் பெயர்களைக் கூப்பிட்டுப் பக்கத்தில் நிறுத்துவது. காமாட்சி, விசாலாட்சி, நீலாயதாட்சி. இவற்றில் 'ஆட்சி' என்று பிரித்தால் ஒன்றும் ஓடாது. 'அக்ஷி' என்றால் கண் என்று பிரித்தால் எல்லாம் ஒரே வரிசையில் நிற்கின்றன, விசாலாட்சி அகன்ற கண்ணுடையவள், மீனாட்சி மீன் போன்ற கண்ணுடையவள். இதற்குத் தமிழிலேயே பழைய சாட்சி உண்டு. ஏழாம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் ஆலவாய்ப் பதிகத்தில் அம்மனை அங்கயற்கண்ணி என்று பாடுகிறார். அழகிய கயல்மீன் போன்ற கண்ணுடையவள். அப்போதே பெயரின் பொருள் கண்தான், ஆட்சி இல்லை. இன்றைக்குக் கயல்விழி என்று பிள்ளைக்குப் பெயர் வைக்கிறவர்கள் தங்கள் பாட்டி மீனாட்சியின் பெயரையே தமிழில் வைக்கிறார்கள், பாதிப்பேருக்கு அது தெரியாது. இதில் இன்னொரு திருப்பமும் இருக்கிறது. சமஸ்கிருதத்தில் மீனைக் குறிக்கும் மீன என்ற சொல்லே திராவிட மொழிகளிலிருந்து அங்கே போனது என்று மொழியியலாளர்கள் பரோவும் எமனோவும் தங்கள் திராவிடச் சொற்பிறப்பியல் அகராதியில் காட்டியிருக்கிறார்கள். இங்கிருந்து போன மீன், கண்ணைச் சேர்த்துக்கொண்டு திரும்பி வந்திருக்கிறது.

வாலைப் பார்ப்பது வேறு பெயர்களுக்கும் உதவும். தினேஷ், சுரேஷ், ரமேஷ், மகேஷ் எல்லாவற்றிலும் கடைசியில் இருப்பது ஈசன், தலைவன். தினம்+ஈசன் பகலின் தலைவன், சூரியன். ரவீந்திரன், மகேந்திரன், கஜேந்திரனில் இந்திரன் இருக்கிறான்.

ஒலி ஒன்றாக இருந்து வேர் வேறாக இருப்பதும் உண்டு. நிஷா சமஸ்கிருதத்தில் இரவு, முஸ்லிம் வீடுகளில் வைக்கிற நிஸா அரபியில் பெண்கள். கவின் தமிழில் அழகு, கெவின் பழைய ஐரிஷ் மொழிப் பெயர், அதிலும் அழகு, பிறப்பு என்ற இரண்டு சொல் இருக்கின்றன, ஆனால் இரண்டு பெயருக்கும் உறவு கிடையாது. அப்துல் என்று மட்டும் வைத்து 'இறைவனின் அடிமை' என்று பொருள் சொன்னால் அது முடியாத சொல், 'இன்னாருடைய அடிமை' என்பதில் இன்னார் வரவேயில்லை. ரொஷான் நம் நாட்டில் எல்லாச் சமூகத்திலும் இருக்கிற பெயர், பாரசீகத்தில் ஒளி.

கிறிஸ்தவப் பெயர்களில் நான் வியந்தது சின்னப்பன். பட்டியல் எதிலாவது இருந்தால் 'சிறிய தந்தை' என்றுதான் இருக்கும். உண்மையில் அது பவுல் என்ற பெயரின் தமிழ். இலத்தீனில் பவுலுஸ் என்றால் சிறியவர், கத்தோலிக்கத் தமிழில் அதைச் சின்னப்பர் என்று பொருள்பெயர்த்தார்கள். யோவான் என்றால் எபிரேயத்தில் கர்த்தர் அருளினார், அதனால் அருளப்பர். தோட்டத்துச் சின்னப்பனும் அருளப்பனும் இரண்டாயிரம் வருஷத்துப் பெயர்களைத் தமிழ்ச் சொல்லில் சுமந்துகொண்டிருந்திருக்கிறார்கள். அந்தோனி வேறு கதை. மலர் என்று பொருள் சொல்வார்கள், கிரேக்கத்தில் அந்தோஸ் என்றால் பூ என்பதால். அது பின்னால் வந்த தவறான ஊகம், அந்த ஊகத்தினால்தான் ஆங்கில எழுத்துக்கூட்டலில் ஓர் எழுத்தே அதிகமாக நுழைந்தது. அந்தோனியஸ் பழைய ரோமானியக் குடும்பப் பெயர், அதன் பொருள் யாருக்கும் தெரியாது. வனேசா என்றால் வண்ணத்துப்பூச்சி என்று போட்டிருக்கும். ஆங்கில எழுத்தாளர் ஜொனதன் ஸ்விஃப்ட், தன் தோழி எஸ்தர் வனோம்ரியின் பெயரிலிருந்து துண்டுகளை எடுத்து ஒட்டிய பெயர் அது. வண்ணத்துப்பூச்சி இனம் ஒன்றுக்கு அந்தப் பெயரை வைத்தது அதற்குப் பிறகு, 1807இல். பெயரின் பொருள் வண்ணத்துப்பூச்சி இல்லை, வண்ணத்துப்பூச்சிக்குப் பெயர் வனேசா.

சிங்களப் பெயர்களோடு நமக்கு நிறையப் பெயர் பொது, ஆனால் ஆணும் பெண்ணும் மாறும். தமிழில் சாந்தா பெண், சிங்களத்தில் சாந்த ஆண். சுமனா என்றால் நமக்குப் பெண் பெயர். சிவனொளிபாத மலையின் காவல் தெய்வமாகச் சிங்கள மக்கள் வணங்கும் சமன் தெய்யோவை சுமன சமன் என்பார்கள், அங்கே அது ஆண் பெயர். ஆங்கிலத்தில் எழுதினால் குறிலா நெடிலா தெரியாது. எங்கள் உறவில் ஒருவருக்குப் பழைய பத்திரம் ஒன்றில் கடைசி நெடில் போய்க் குறிலாகி, பல வருஷம் ஒவ்வோர் அலுவலகத்திலும் விளக்கம் சொல்லிக்கொண்டிருந்தார். தோட்டத்து மக்களுக்கு இது சின்ன விஷயம் இல்லை. 1948 குடியுரிமைச் சட்டத்துக்குப் பிறகு யார் எந்த நாட்டுக்காரர் என்பதே கடதாசியில் இருக்கிற பெயரைப் பிடித்துத் தொங்கிய காலம் இருந்தது. கணக்குப்பிள்ளை எழுதினது ஒன்று, பிறப்புப் பதிவில் ஒன்று, கூப்பிடுவது ஒன்று என்று மூன்று பெயரோடு வாழ்ந்தவர்கள் எத்தனையோ பேர்.

அப்புறம் டிலக்ஷன், சுலக்ஷன், நிலக்ஷன் வகைப் பெயர்கள். இவற்றில் லக்ஷண என்ற சொல் தெரிகிறது, குறி, நல்ல அடையாளம். சுலக்ஷனில் முன்னால் உள்ள 'சு' நல்ல என்று பொருள் தரும். 'டி'க்கு அப்படி ஒன்றும் இல்லை. ஓசைக்காகக் கோத்த பெயர் அது. அதில் தவறு இருப்பதாக நான் நினைக்கவில்லை, ஓசைக்காகப் பெயர் வைப்பது சிங்களவர்களிடமும் நம்மிடமும் இன்று வழக்கமாகிவிட்டது. பிள்ளை வளர்ந்து என் பெயருக்கு என்ன பொருள் என்று கேட்டால், அம்மாவுக்கும் அப்பாவுக்கும் இந்த ஓசை பிடித்தது என்று சொல்லிவிடலாம். இல்லாத பொருளை ஒட்டிக் கொடுக்க வேண்டியதில்லை.

இந்தத் தேடலில் என் மனதை மிகவும் தொட்டது எந்தப் பட்டியலிலும் இல்லாத பெயர்கள். எங்கள் லயத்தில், அதாவது தோட்டத்து வரிசை வீடுகளில், குப்பம்மா என்று மூன்று பேர் இருந்தார்கள், பிச்சைமுத்து இருந்தார், மூக்காயி இருந்தார். அடுத்த தலைமுறை இந்தப் பெயர்களைச் சொல்லவே கூச்சப்பட்டது, பாடசாலையில் பிள்ளைகள் கேலி செய்வார்கள், பாட்டி பெயர் என்ன என்று கேட்டால் மாற்றிச் சொல்வோம். நானும் மாற்றிச் சொல்லியிருக்கிறேன். குப்பம்மா என்றால் என்ன? முன்னால் பிறந்த பிள்ளைகள் தங்காமல் செத்துப்போன வீட்டில், அடுத்து ஒரு பிள்ளை பிறந்தால் அதைக் குப்பைமேட்டில் போட்டு எடுப்பார்கள், அல்லது குப்பையில் புரட்டுவார்கள். இது யாருக்கும் வேண்டாத பொருள், இதைக் கொண்டுபோகாதே என்று சாவுக்குச் சொல்கிற செய்கை அது. அப்படி எடுத்த பிள்ளைக்குக் குப்பன், குப்பம்மா, குப்புசாமி. பிச்சை என்றால் கடவுளிடம் மடியேந்திக் கேட்டு வாங்கினது. மூக்காயி, மூக்கன் என்றால் அப்படித் தங்காத வீட்டில் பிறந்து மூக்குக் குத்திவிடப்பட்ட பிள்ளை. தமிழ்நாட்டுக் கிராமங்களிலிருந்து இந்தப் பழக்கத்தைத் தூக்கிக்கொண்டு வந்தவர்கள் நம் ஆட்கள், இங்கேயும் அது தேவைப்பட்டது, தோட்டங்களில் குழந்தைச் சாவு நாட்டின் மற்றப் பகுதிகளைவிட நீண்ட காலம் அதிகமாகவே இருந்தது. ஒரு வீட்டில் குப்பம்மா என்று ஒருத்தி இருந்தால், அவளுக்கு முன்னால் பிள்ளைகளைப் புதைத்த ஒரு தாய் அந்த வீட்டில் இருந்தாள். 'அழகானவள்' என்று பட்டியலில் போட்டிருக்கிற எந்தப் பெயரைவிடவும் இந்தப் பெயரில் ஆசை அதிகம்.

முத்துமாரியும் அப்படித்தான். முத்து என்றால் கடல் முத்து என்று எழுதிவிட்டுப் போய்விடலாம். மாரியம்மன் பெயரோடு வரும்போது அது அம்மை போட்டால் உடம்பில் எழும் கொப்புளம், அதைத்தான் முத்து என்று மரியாதையாகச் சொல்வார்கள். மன்னாரில் இறங்கிக் காட்டு வழியே மாத்தளைக்கு நடந்து வந்தவர்கள் வாந்திபேதியிலும் காய்ச்சலிலும் வழியிலேயே விழுந்து செத்தார்கள். அந்த நடைப்பாதை வந்து சேர்ந்த மாத்தளையில் முத்துமாரியம்மன் கோயில் இருக்கிறது. அகராதி ஒரு சொல்லுக்குப் பத்துப் பொருள் கொடுக்கும். அதில் எது இந்தப் பெயருக்குரியது என்பதை வைத்தவர்களின் வாழ்க்கைதான் சொல்லும்.

பேர் என்ற சொல்லுக்கே தோட்டத்தில் இன்னொரு பொருள் உண்டு, வெளியே இருக்கிறவர்களுக்குத் தெரியாது. செக்ரோலில், அதாவது வேலைப் பதிவேட்டில், ஒரு நாள் வேலைக்கு விழுவது ஒரு பேர். கொழுந்து நிறை குறைந்தால் அரைப் பேர். 'இந்த மாசம் எத்தனை பேர்?' என்று அம்மாயி கேட்டால் அது சம்பளக் கணக்கு.

சரி, சொந்தமாகப் பார்க்க விரும்புகிறவர்கள் எங்கே பார்ப்பது? சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் அகராதி 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது, 1939இல் அநுபந்தம், ஒரு லட்சத்துக்கு மேல் சொற்கள். ஒவ்வொரு சொல்லுக்கும் வேர் எது என்று தாங்கள் கருதுவதைக் குறித்திருக்கிறார்கள். சிக்காகோ பல்கலைக்கழகம் அதை இணையத்தில் இலவசமாக வைத்திருக்கிறது, பரோ, எமனோவின் திராவிட அகராதியும் (முதற்பதிப்பு 1961, திருத்திய பதிப்பு 1984) அங்கேயே இருக்கிறது. ஒரு சொல் தெலுங்கிலும் கன்னடத்திலும் மலையாளத்திலும் தன் உறவுகளோடு இந்த அகராதியில் இருந்தால் அது நம் மொழிக் குடும்பத்துச் சொல் என்பதற்கு நல்ல ஆதாரம். யாழ்ப்பாணத்தில் பணி செய்த வின்சுலோ பாதிரியாரின் அகராதி 1862இல் வந்தது, பழைய ஈழத்து வழக்குகள் அதில் கிடைக்கும். சமஸ்கிருதத்துக்கு மோனியர் வில்லியம்ஸின் 1899ஆம் ஆண்டுப் பதிப்பு, ஜெர்மனியின் கொலோன் பல்கலைக்கழகம் அதைத் தேடிப்பார்க்கும் வசதியோடு வைத்திருக்கிறது. அதற்கு ஆங்கிலம் வேண்டும், பெயரை ரோமன் எழுத்தில் குறில் நெடிலோடு கொடுக்க வேண்டும், முதலில் தடுமாறும், பத்துப் பெயர் பார்த்த பிறகு கை பழகிவிடும். அகராதியில் சொல்லே இல்லை என்றால் அதுவும் ஒரு பதில்தான். ஆத்விக் என்ற பெயருக்கு 'தனித்துவமானவன்' என்று எல்லாப் பட்டியலும் சொல்கின்றன, மோனியர் வில்லியம்ஸில் அப்படி ஒரு சொல்லை நான் காணவில்லை. அத்விதீய என்று, இரண்டாவது இல்லாதது என்ற பொருளில் ஒரு சொல் இருக்கிறது, அதைப் பார்த்து யாரோ புதிதாகச் செய்த பெயர் என்று நினைக்கிறேன்.

இதையெல்லாம் பதிவுக்கு முன்னால் பார்க்க வேண்டும், அதுதான் முக்கியம். பிறந்து 42 நாளுக்குள் பதிய வேண்டும். பிறகு பெயரை மாற்ற வழி இருக்கிறது, ஆனால் விண்ணப்பம், ஆதாரம், டவுனுக்கு பஸ் ஏறி நடக்கிற நாட்கள், ஒவ்வொரு நாளும் ஒரு பேர் போகும்.

தங்கச்சி கடைசியில் 'இ'யில் தொடங்குகிற ஒரு தமிழ்ப் பெயரை எடுத்தாள். அதை இங்கே எழுதவில்லை, அது அவனுடையது. தமிழ் அகராதியிலும் திராவிட அகராதியிலும் பார்த்தோம், பொருள் ஒத்துப்போனது, சிங்களத்தில் எழுதினால் வேறு சொல் எதுவும் ஆகவில்லை, ஆங்கிலத்தில் இரண்டு விதமாக வாசிக்க இடமில்லை. ஒரு வெள்ளைத் தாளில் மூன்று மொழியிலும் பெரிய எழுத்தில் எழுதினோம். தங்கச்சி வீட்டுக்காரர் அதை நான்காக மடித்துச் சட்டைப் பைக்குள் வைத்துக்கொண்டு முதல் பஸ்ஸில் பதிவாளரிடம் போனார். அம்மா அந்தத் தாளின் இன்னொரு பிரதியைக் கேட்டு வாங்கி, அதன் பின்பக்கத்தில் தன் அம்மாவின் பெயரையும், அவருக்கு முன்னால் தங்காமல் போன பிள்ளைகள் எத்தனை என்று தனக்குத் தெரிந்ததையும் என்னை எழுதச் சொன்னார்.